அண்ணன் பங்கு தர மறுக்கிறார். கோர்ட்டில் சொத்தை எப்படிப் பிரிப்பார்கள்?

கேள்வி: ஐயா, எங்களுக்கு உடுமலைப்பேட்டை பக்கம். அப்பா 2011-இல் உயில் எழுதாமல் இறந்துவிட்டார். அம்மா, அண்ணன், நான், தம்பி என்று நான்கு பேர் இருக்கிறோம். அப்பா மில் சம்பளத்தில் வாங்கிய 5 சென்ட் இடத்தில் அவரே கட்டிய வீடு டவுனில் இருக்கிறது. அதன் முன்பக்கம் வாடகைக்கு விட்ட இரண்டு கடைகள். கிராமத்தில் 2 ஏக்கர் தென்னந்தோப்பு. 1978-இல் தாத்தா, அப்பா, சித்தப்பா மூவரும் பூர்வீக நிலத்தைப் பிரித்துப் பதிவு செய்த பத்திரத்தில் அது அப்பா பாகத்துக்கு வந்தது. வீட்டையும் தோப்பையும் அண்ணன்தான் பார்த்துக்கொள்கிறார். 2016-இல் பட்டாவைத் தன் பெயருக்கு மாற்றிக்கொண்டார். இரண்டு வருடத்துக்கு முன்பு வரை அம்மாவுக்கும் எனக்கும் தேங்காயும் கொஞ்சம் பணமும் வந்துகொண்டிருந்தது, இப்போது அதுவும் நின்றுவிட்டது. பங்கு கேட்டால், “உனக்கு 1986-லேயே கல்யாணம் ஆகிவிட்டது, 60 சவரன் போட்டாயிற்று, சட்டப்படி உனக்கு ஒன்றும் கிடையாது” என்கிறார். வீட்டில் தன் பங்கை வெளியாளுக்கு விற்கப் போவதாகவும் சொல்கிறார். திருப்பூரில் இருக்கும் தம்பி, “எனக்குக் கோர்ட் வேண்டாம்கா” என்று ஒதுங்கிவிட்டான். அம்மாவுக்கு 82 வயது, என்னோடு இருக்கிறார். வழக்குப் போட்டால் எப்படிப் பிரிப்பார்கள்? ஒரு வீட்டை நான்காக வெட்டவா முடியும்? எவ்வளவு காலம் ஆகும்?
- உடுமலை வாசகி

பதில்: அன்புள்ள சகோதரிக்கு வணக்கம்.

உங்கள் அண்ணன் சொல்வது சட்டப்படி தவறு. தமிழ்நாட்டில் 1989-இல் வந்த திருத்தம் பூர்வீகச் சொத்தில் மகளுக்கு மகனைப் போலவே உரிமை கொடுத்தது. ஆனால் அதற்கு முன்பே திருமணம் ஆன பெண்களை விட்டுவிட்டது. இன்றுவரை நம் கிராமங்களில் சொல்லப்படுவது இந்தப் பழைய கதைதான். 2005 செப்டம்பர் 9 முதல் நடைமுறைக்கு வந்த மத்திய அரசின் இந்து வாரிசுரிமைச் சட்டத் திருத்தத்தில் திருமணம் ஆனவர், ஆகாதவர் என்ற வேறுபாடே இல்லை. மகளின் உரிமை பிறப்பால் வருவது என்று வினீதா சர்மா வழக்கில் 2020 ஆகஸ்ட் 11 அன்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2004 டிசம்பர் 20-க்கு முன்பே பதிவுப் பத்திரம் மூலமோ கோர்ட் தீர்ப்பு மூலமோ உங்களுக்குள் பாகம் பிரிந்திருந்தால் இது பொருந்தாது. உங்கள் குடும்பத்தில் அப்படி எதுவும் நடக்கவில்லை. கல்யாணத்துக்குப் போட்ட நகை பெற்றோர் மகளுக்குச் செய்த சீர். அதை வாங்கியதால் மண்ணில் உள்ள உரிமை போய்விடாது.

அடுத்து, யாருக்கு எவ்வளவு என்பது. வீடும் தோப்பும் ஒரே கணக்கில் வராது. வீடு அப்பாவின் சுயசம்பாத்தியம். உயில் இல்லாததால் மனைவி, மகன்கள், மகள் எல்லோருக்கும் சம பங்கு, அதாவது ஆளுக்கு நான்கில் ஒன்று. தோப்பு பூர்வீகம். அதில் அப்பா, அண்ணன், நீங்கள், தம்பி நால்வருக்கும் முதலிலேயே கால் பங்கு உண்டு. அப்பாவின் கால் பங்கு அவர் இறந்ததும் அம்மாவுக்கும் உங்கள் மூவருக்கும் நான்காகப் பிரிகிறது. அப்படிப் பார்த்தால் பிள்ளைகள் ஒவ்வொருவருக்கும் 16-இல் 5 பங்கு, அம்மாவுக்கு 16-இல் 1 பங்கு. 200 சென்ட் தோப்பில் உங்களுக்கு 62.5 சென்ட், அம்மாவுக்கு 12.5 சென்ட்.

இதில் ஒரு எச்சரிக்கை. தாத்தாவிடமிருந்து வந்த சொத்து எல்லாமே பூர்வீகச் சொத்து ஆகிவிடாது. 1956-க்குப் பிறகு இறந்த தாத்தாவின் சுயசம்பாத்தியம் வாரிசு முறையில் அப்பாவுக்கு வந்திருந்தால், அது அப்பாவின் தனிச் சொத்து. நீங்கள் சொல்லும் 1978 பத்திரத்தில் தாத்தாவும் கையெழுத்திட்டிருக்கிறார், பூர்வீக நிலம் என்றும் எழுதியிருக்கிறது என்பதால் நான் இப்படிக் கணக்குப் போடுகிறேன். அந்தப் பத்திரத்தின் சான்றிட்ட நகலைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் இப்போதே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

வழக்குப் போடும் முன் உங்களை நீங்களே ஒரு கேள்வி கேட்டுக்கொள்ள வேண்டும். அப்பா இறந்த சமயத்தில் எதிலாவது கையெழுத்துப் போட்டீர்களா? வாரிசுச் சான்றிதழ் விண்ணப்பத்தில் போட்டது ஒன்றும் செய்யாது. ஆனால் பட்டா மாற்றத்துக்கு என்று சொல்லி அழைத்துப்போய், பதிவு அலுவலகத்தில், பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கிய கதைகளை நான் நிறையக் கேட்டிருக்கிறேன். வீடு, தோப்பு இரண்டுக்கும் 1978 முதல் இன்றுவரை வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். உங்கள் பெயரோ அம்மா பெயரோ எழுதிக்கொடுத்தவராக எதிலும் வரவில்லை என்றால் நிம்மதி. பதிவு செய்யாத வெறும் தாளில் எழுதிக் கொடுத்தது நிலத்தின் மீதான உரிமையைப் பறிக்காது. அண்ணன் பெயரில் மாறிய பட்டாவும் அப்படித்தான். அது வருவாய்த் துறைப் பதிவேடு, உரிமைப் பத்திரம் ஆகாது. சர்வே எண்ணுக்கான அ-பதிவேடு (கிராம நிலக் கணக்கு), நில அளவை வரைபடம் இரண்டையும் சேர்த்து வாங்கிவிடுங்கள். பின்னால் அளக்கும்போது தேவைப்படும்.

அண்ணனுக்கு ஒரு வக்கீல் நோட்டீஸ் அனுப்புங்கள். சட்டம் கட்டாயப்படுத்தவில்லை என்றாலும் அதனால் பயன் உண்டு. அதோடு, பெண்களுக்கு வருமான வரம்பு எதுவும் பார்க்காமல் இலவசச் சட்ட உதவி பெறும் உரிமை 1987-ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே இருக்கிறது. கோர்ட் வளாகத்தில் உள்ள வட்ட சட்டப் பணிகள் குழுவில் மனுக் கொடுத்தால், வழக்குப் போடும் முன்பே அண்ணனை அழைத்துப் பேசுவார்கள். அங்கே சம்மதம் ஏற்பட்டு லோக் அதாலத் என்ற மக்கள் நீதிமன்றத்தில் தீர்வானால் அது கோர்ட் தீர்ப்பாணைக்குச் சமம், அதன்மேல் அப்பீலும் கிடையாது. தம்பியைப் பேச்சுவார்த்தைக்கு மட்டுமாவது வரவழையுங்கள். அண்ணன் தங்கைக்கு மறுப்பதைத் தம்பி எதிரே மறுக்கத் தயங்கலாம்.

அது நடக்கவில்லை என்றால் சொத்து இருக்கும் எல்லைக்குட்பட்ட சிவில் கோர்ட்டில் பாகப்பிரிவினை வழக்கு. இரண்டு விஷயத்தில் கவனம் வேண்டும். பங்காளி ஒருவரும் விடுபடக்கூடாது, பொதுச் சொத்து ஒன்றும் விடுபடக்கூடாது. தம்பி வழக்கே வேண்டாம் என்றாலும் அவரைப் பிரதிவாதியாகச் சேர்த்தே ஆக வேண்டும். சேர்க்காவிட்டால் வழக்கு நிற்காது. அவரிடம் இதை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், சம்மன் போய்ச் சேரும்போது மனம் சங்கடப்படக்கூடாது. பாகப்பிரிவினை வழக்கில் பிரதிவாதியும் ஒரு விதத்தில் வாதிதான். அவரும் அதே வழக்கில் உரிய கட்டணம் கட்டித் தன் பங்கைத் தனியாகப் பிரித்துக் கேட்கலாம். அம்மா உங்களோடு இரண்டாம் வாதியாக வரட்டும்.

கோர்ட் கட்டணம் பற்றிப் பலர் பயப்படுகிறார்கள். தமிழ்நாட்டுக் கோர்ட் கட்டணச் சட்டத்தின் 37-ஆவது பிரிவில் இரண்டு வழி இருக்கிறது. சொத்தின் அனுபவத்திலிருந்து முழுதாக வெளியேற்றப்பட்டவர் தன் பங்கின் மதிப்புக்கு ஏற்றபடி சதவீதக் கணக்கில் கட்ட வேண்டும். கூட்டு அனுபவத்தில் இருப்பவருக்கு நிலையான சிறு தொகைதான். கூட்டு அனுபவம் என்றால் அங்கேயே குடியிருக்க வேண்டும் என்பதில்லை. ஒரு பங்காளி அனுபவிப்பது எல்லோர் சார்பிலும் அனுபவிப்பதாகவே சட்டம் கருதுகிறது. உங்களுக்குத் தேங்காயும் பணமும் வந்துகொண்டிருந்தது, வருமானத்தை அண்ணன் நிறுத்தியது இப்போதுதான். இதை நடந்தது நடந்தபடி மனுவில் எழுதச் சொல்லுங்கள். கோபத்தில் “என்னை அடியோடு விரட்டிவிட்டார்” என்று எழுதினால் கட்டணம் ஏறும். அதைவிட முக்கியம், கூட்டுக் குடும்பச் சொத்திலிருந்து விலக்கப்பட்டது தெரிந்த நாளிலிருந்து 12 ஆண்டு என்ற காலவரம்புக்கு எதிர்த்தரப்பு தேதி தேட இடம் கொடுத்துவிடும்.

வழக்கோடு சேர்த்தே இடைக்காலத் தடை மனுவும் போடுங்கள், சொத்தை விற்கவோ அடமானம் வைக்கவோ கூடாது என்று. தடை கிடைப்பது தாமதமானாலும், வழக்கு நடக்கும்போது வாங்குகிறவர் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர்தான். தன் பிரிபடாத பங்கை அண்ணன் விற்பதைச் சட்டம் முழுவதும் தடுக்காது. ஆனால் வாங்கும் வெளியாளுக்கு அதனால் பெரிய லாபமும் இல்லை. குடும்பம் குடியிருக்கும் வீட்டில் பங்கு வாங்கியவர் உங்களோடு கூட்டாகக் குடியேற உரிமை கோர முடியாது. அவர் பிரித்துக் கேட்டு வழக்குப் போட்டால், 1893-ஆம் ஆண்டு பாகப்பிரிவினைச் சட்டத்தின் 4-ஆவது பிரிவின்படி, கோர்ட் நிர்ணயிக்கும் விலைக்கு அந்தப் பங்கை நீங்களே வாங்கிக்கொள்ளலாம். அண்ணன் விற்கும் முன்பே வாங்க நினைத்தால், இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 22-ஆவது பிரிவு உங்களுக்கு முன்னுரிமை தருகிறது. நோட்டீஸிலேயே இதை எழுதிவிடுங்கள். வாங்க வருகிறவர் அதைப் பார்த்தால் இருமுறை யோசிப்பார்.

அப்புறம் அண்ணன் தன் பதிலை எதிருரையாகத் தாக்கல் செய்வார், எதை எதைத் தீர்மானிக்க வேண்டும் என்று கோர்ட்டில் எழுவினாக்கள் வகுப்பார்கள், சாட்சி விசாரணை நடக்கும். இங்கே அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. ஒன்று மட்டும் செய்யுங்கள்: அம்மாவின் சாட்சியத்தை முதலிலேயே பதிவு செய்துவிடுங்கள். வயதையும் உடல்நிலையையும் காட்டி மனுப் போட்டால், கோர்ட் ஆணையர் ஒருவர் வீட்டுக்கே வந்து வாக்குமூலம் பதிவு செய்ய வழி இருக்கிறது.

விசாரணை முடிந்து கோர்ட் கொடுப்பது முதல்நிலைத் தீர்ப்பாணை. கோர்ட் வட்டாரத்தில் பிரிலிமினரி டிக்ரி என்பார்கள். இன்னாருக்கு இத்தனை பங்கு என்று மட்டுமே அதில் இருக்கும். எந்தத் தென்னை யாருக்கு, எந்தச் சுவர் யாருக்கு என்று இருக்காது. பல குடும்பங்கள் இதைக் கையில் வாங்கியதும் ஜெயித்துவிட்டோம் என்று நினைத்து வக்கீல் அலுவலகம் வருவதையே நிறுத்திவிடுகின்றன. வருடக்கணக்கில் அந்தத் தாள் பீரோவில் கிடக்கும், சொத்து அதே ஆள் கையில் இருக்கும். நான் இதை அழுத்திச் சொல்கிறேன் சகோதரி, உங்கள் வழக்கின் கஷ்டமான பாதி அதற்குப் பிறகுதான் தொடங்குகிறது. முதல் நாள் மனு எழுதும்போதே அந்த இரண்டாம் பாதியை மனதில் வைத்துத் தயாராக வேண்டும்.

பங்குக் கணக்கில் தவறு இருந்தால் இந்தக் கட்டத்திலேயே அப்பீல் போய்விட வேண்டும். பேசாமல் இருந்துவிட்டு இறுதித் தீர்ப்பு வந்தபின் பங்குக் கணக்கைக் கிளற முடியாது. ஆனால் நடுவில் யாராவது இறந்து பங்குகள் மாறினால், அதற்கேற்ப இன்னொரு முதல்நிலைத் தீர்ப்பாணை போட கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு.

யாருக்கு எந்தப் பகுதி என்று சொல்லும் இறுதித் தீர்ப்பாணை கேட்டு விண்ணப்பிக்கக் காலவரம்பு கிடையாது. முதல்நிலைத் தீர்ப்பாணை கொடுத்ததோடு வழக்கை மூடாமல், தனி மனுவுக்குக் காத்திராமல், கோர்ட்டே அடுத்த கட்டத்துக்கு எடுத்துச் செல்ல வேண்டும் என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது. நடைமுறையில் நீங்களும் உங்கள் வக்கீலும் விடாமல் கேட்டால்தான் நகரும். அடுத்த வாய்தா எதற்காக என்று ஒவ்வொரு முறையும் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

இனி மண்ணில் பிரிக்கும் வேலை. கோர்ட் ஒரு வழக்கறிஞரை ஆணையராக நியமிக்கும். அவர் எல்லோருக்கும் நோட்டீஸ் கொடுத்து, சர்வேயரோடு நிலத்துக்கு வந்து அளந்து, பாகங்களாகப் பிரித்து, வரைபடத்தோடு அறிக்கை தருவார். அந்த நாள் நீங்கள் கட்டாயம் தோப்பில் இருக்க வேண்டும். வக்கீலின் ஜூனியரை மட்டும் அனுப்பிவிட்டு வீட்டில் இருக்காதீர்கள். 62.5 சென்ட் என்பது வெறும் அளவு. கிணறு யார் பாகத்தில் விழுகிறது, போர்வெல்லும் மின் இணைப்பும் யாருக்கு, காய்ப்பில் இருக்கும் மரங்கள் எந்தப் பக்கம், ரோட்டிலிருந்து வண்டி எந்த வழியாக உள்ளே வரும் என்பதில்தான் மதிப்பு இருக்கிறது. தண்ணீரும் தடமும் இல்லாத 62.5 சென்ட்டை வைத்துக்கொண்டு என்ன செய்வீர்கள்? அதனால் ஆணையரிடம் எழுத்து மூலமாகவே மனுக் கொடுங்கள்: பொதுத் தடம் விட வேண்டும், கிணற்றுத் தண்ணீரை முறைவைத்து எடுக்க எல்லோருக்கும் உரிமை வேண்டும், குழாய் கொண்டுபோக வழி வேண்டும், உங்கள் பாகமும் அம்மாவின் 12.5 சென்ட்டும் ஒட்டியே அமைய வேண்டும். அண்ணன் தன் கைக்காசில் போர் போட்டோ கன்று வைத்தோ மேம்படுத்திய பகுதி இருந்தால், முடிந்தவரை அதை அவர் பாகத்தில் ஒதுக்குவார்கள். அது நியாயமும்கூட; அதில் முரண்டு பிடிக்காதீர்கள். பாகங்களின் மதிப்பு சமமாக வராவிட்டால், மதிப்புக் கூடிய பாகம் பெறுகிறவர் மற்றவருக்குப் பணமாக ஈடு கொடுக்கும்படி செய்வார்கள்.

ஆணையரின் அறிக்கையே தீர்ப்பு ஆகிவிடாது. உங்களுக்கு ஒப்பவில்லை என்றால் ஆட்சேபணை தாக்கல் செய்யலாம். கோர்ட் அதை ஏற்கலாம், மாற்றலாம், மறுபடி அளக்கச் சொல்லலாம்.

வீட்டு விஷயத்துக்கு வருகிறேன். 5 சென்ட்டில் ஆளுக்கு ஒன்றேகால் சென்ட். நீங்கள் கேட்டது சரி, அப்படி வெட்டினால் யாருக்கும் வீடு இருக்காது. இதற்காகவே அதே 1893 சட்டத்தில் வழி வைத்திருக்கிறார்கள். நியாயமாகவோ வசதியாகவோ பிரிக்க முடியாத சொத்து என்று கோர்ட் கருதி, விற்றுப் பணத்தைப் பிரிப்பதே எல்லோருக்கும் நல்லது என்றும் நினைத்தால், பாதி அல்லது அதற்கு மேல் பங்கு உள்ளவர்கள் கேட்கும்போது விற்பனைக்கு உத்தரவிடலாம். உங்களுக்குக் கால், அம்மாவுக்குக் கால். சேர்ந்தால் சரியாகப் பாதி. நீங்கள் இருவரும் சேர்ந்து கேட்கலாம்.

ஆனால் கேட்கும் முன் நன்றாக யோசியுங்கள். நீங்கள் விற்பனை கேட்ட உடனே, கேட்டவர்களின் பங்கை நானே வாங்கிக்கொள்கிறேன் என்று சொல்ல 3-ஆவது பிரிவு அண்ணனுக்கு உரிமை தருகிறது. கோர்ட் மதிப்புப் போட்டு அந்த விலைக்கு அவருக்குக் கொடுக்கும். அவர் அப்படிக் கேட்டபிறகு, எனக்கு விற்பனை வேண்டாம் என்று நீங்கள் பின்வாங்க முடியாது. 1972-லேயே உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. உங்களுக்கு வேண்டியது பணமா, வீடா என்று அம்மாவோடு உட்கார்ந்து முடிவு செய்யுங்கள். பணம் போதும் என்றால் இது நல்ல வழி. வீட்டை விட மனமில்லை என்றால் நீங்கள் விற்பனை கேட்கவே கூடாது. கடைகள் இருக்கும் முன்பகுதியை ஒருவருக்கும் பின்பகுதியை இன்னொருவருக்கும் ஒதுக்கி, ஈட்டுத் தொகையால் சரிசெய்ய முடியுமா என்று ஆணையர் மூலம் முயன்று பாருங்கள்.

அம்மா இருக்கும்போதே இதைத் தீர்மானிக்கச் சொல்வதற்குக் காரணம் உண்டு. அம்மாவின் பங்கு அவருடைய முழு உரிமை. அவர் உயில் எழுதாமல் காலமானால் அது உங்கள் மூவருக்கும் சமமாகப் போகும். வீட்டிலும் தோப்பிலும் ஆளுக்கு மூன்றில் ஒன்று என்று ஆகிவிடும். அப்போது உங்களிடம் பாதி இருக்காது. விற்பனை கேட்கத் தம்பியின் துணை வேண்டும். அம்மா விரும்பினால் உயில் எழுதலாம், அது அவருடைய சொந்த முடிவாக இருக்கட்டும். எழுதினால் பதிவு செய்து, டாக்டர் சான்றோடு, உங்களுக்கு வேண்டியவர் அல்லாத இருவரைச் சாட்சியாக வைத்து எழுதட்டும்.

கடை வாடகைக்கும் தேங்காய் வருமானத்துக்கும் கணக்குக் கேட்பதை மனுவிலேயே சேர்த்துவிடுங்கள். பொதுவாக வழக்குக்கு முந்தைய 3 ஆண்டுகளுக்கும், வழக்கு நடக்கும் காலத்துக்கும் கேட்கலாம். கடைக்காரர்களிடம் வாடகை எவ்வளவு என்று இப்போதே விசாரித்து எழுதி வையுங்கள். இந்தத் தொகை ஏறிக்கொண்டே போவதை அண்ணன் பார்க்கும்போது சமரசத்துக்கு மனம் இறங்கும்.

எவ்வளவு காலம் என்று கேட்டிருந்தீர்கள். அண்ணன் கடைசிவரை எதிர்த்தால், முதல் கோர்ட்டில் இரண்டு கட்டமும் முடியவே சில ஆண்டுகள் ஆகும். அப்பீல்களும் சேர்ந்தால் பத்து ஆண்டைத் தாண்டிய வழக்குகள் எத்தனையோ உண்டு. அதனால்தான் நடுவில் எந்தக் கட்டத்தில் சமரசப் பேச்சு வந்தாலும் கதவை மூடாதீர்கள் என்கிறேன். வழக்கு நிலுவையில் இருக்கும்போது சமரசம் ஆனால் கட்டிய கோர்ட் கட்டணம் திரும்பக் கிடைக்கும். கோர்ட் அனுப்பாமல் நீங்களாகவே வெளியில் பேசி முடித்தாலும் இது பொருந்தும் என்று சென்னை உயர் நீதிமன்றம் சொன்னதை 2021-இல் உச்ச நீதிமன்றமும் உறுதி செய்தது. சம்மதத்தோடு பாகப்பிரிவினைப் பத்திரம் பதிவு செய்தால் குடும்பத்தாருக்கு முத்திரைத் தீர்வையிலும் சலுகை உண்டு.

கோர்ட் மூலமாகவே முடிந்தால், இறுதித் தீர்ப்பாணையை முத்திரைத் தாளில் எழுதி வாங்க வேண்டும். உங்கள் பங்குக்கான முத்திரைத் தாள் செலவை முன்கூட்டியே ஒதுக்கி வையுங்கள். பலர் இங்கே வந்து நின்றுவிடுகிறார்கள். தீர்ப்பாணையைச் செயல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனுவுக்கு உள்ள 12 ஆண்டுக் கெடு தீர்ப்பாணை தேதியிலிருந்தே ஓடுகிறது, முத்திரைத் தாள் கொடுத்த தேதியிலிருந்து அல்ல. தாள் கிடைத்ததும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்தால் வில்லங்கச் சான்றில் ஏறும். அண்ணன் இடத்தைக் காலி செய்யவில்லை என்றால் நிறைவேற்று மனுப் போட்டு, கோர்ட் ஊழியரான அமீனா மூலம் சுவாதீனம் எடுக்க வேண்டும். அதன்பிறகு தாலுகா அலுவலகத்தில் உட்பிரிவுக்கு விண்ணப்பித்து, சர்வேயர் கல் நட்டு, உங்கள் பெயரில் தனிப் பட்டா வாங்குங்கள்.

வில்லங்கச் சான்றும் 1978 பத்திர நகலும் கைக்கு வந்ததும், அம்மாவையும் அழைத்துக்கொண்டு ஒரு சிவில் வழக்கறிஞரை நேரில் பாருங்கள். அப்பாவின் இறப்புச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ், வீட்டு வரி ரசீது, இரண்டு வருடத்துக்கு முன்பு வரை அண்ணன் பணம் அனுப்பியதற்கான வங்கிக் கணக்குப் புத்தகம், இவற்றையும் எடுத்துச் செல்லுங்கள்.